ஊசி போட்டுக்கலாமா?

(முன்னாள் மாணவர் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



சங்கத்துச் செயலாளர் போன் பண்ணி, "ஏதாவது டெக்னிக்கலா இருபது நிமிஷம் பேசுப்பா" என்றார். ரிலே, சப்ஸ்டேஷன் என்று பேசுவேன் என எதிர்பார்த்திருப்பார். அதையும் கொஞ்சம் பேசுவேன். ஆனால் தலைப்பு தடுப்பூசி. குறிப்பாக, தன் உடம்பின் எதிர்ப்புச் சக்தியே தன்னைத் தாக்குகிற வியாதி உள்ளவர்கள் தடுப்பூசி போட்டுக்கொள்ளலாமா என்கிற கேள்வி. லூபஸ், முடக்குவாதம், சோரியாஸிஸ், சில வகை தைராய்டு, சின்ன வயசிலேயே வருகிற சர்க்கரை, எல்லாம் இந்தக் குடும்பம்தான். நான் டாக்டர் இல்லை. ரிலே டெஸ்ட் பண்றவன். பதினோரு வருஷமாக இந்த வியாதியோடு வீட்டில் பழகியதால் படித்துத் தெரிந்துகொண்டது, கேட்டுத் தெரிந்துகொண்டது, அவ்வளவுதான். டாக்டர் படிப்பு படித்த முன்னாள் மாணவர் இங்கே யாராவது இருந்தால், தப்பாகச் சொன்னால் கையைத் தூக்கலாம்.

என் அக்காவுக்கு லூபஸ். அவளிடம் கேட்டுவிட்டுத்தான் இங்கே சொல்கிறேன். "சொல்லு, எவளாவது ஒருத்திக்கு உபயோகமா இருக்கும்" என்றாள். பொதட்டூர்பேட்டைப் பக்கம் தறி வைத்திருக்கிற வீட்டில் வாழ்க்கைப்பட்டவள். 2014ல் கை மூட்டெல்லாம் வீங்கி, முகத்தில் மூக்கின் இரண்டு பக்கமும் பட்டாம்பூச்சி சிறகு விரித்த மாதிரி சிவப்பு வந்தது. முதலில் சிக்குன்குன்யா என்றார்கள். பிறகு வெயில் அலர்ஜி என்றார்கள். எட்டு மாசம் கழித்து, அரக்கோணத்தில் ரயில் மாறி காட்பாடி போய் வேலூரில் காட்டியபோதுதான் பெயர் தெரிந்தது. இந்த வியாதி வருகிற பத்துப் பேரில் ஏறக்குறைய ஒன்பது பேர் பெண்கள். பெரும்பாலும் பதினைந்திலிருந்து நாற்பத்தைந்து வயசுக்குள். இந்த ஹாலில் இடதுபக்கம் உட்கார்ந்திருக்கிற மாணவிகள் வயசுதான் ஆரம்பம். அதனால்தான் இந்தத் தலைப்பை இங்கே எடுத்தேன்.

இப்போது ரிலேவுக்கு வருகிறேன். எலெக்ட்ரிகல் பசங்களுக்குத் தெரியும், மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். ஒரு சப்ஸ்டேஷனில் ஃபீடருக்கு ஃபீடர் பாதுகாப்பு ரிலே உண்டு. எங்கேயாவது ஒயர் அறுந்து விழுந்தால், மரக்கிளை சாய்ந்தால், கரண்ட் எகிறும். ரிலே அதைக் கண்டுபிடித்து பிரேக்கரைத் தட்டிவிடும். அது தட்டாவிட்டால் டிரான்ஸ்ஃபார்மர் போயிடும். சில சமயம் ரிலேவுக்கே கோளாறு வரும். எல்லாம் நன்றாக ஓடிக்கொண்டிருக்கும்போதே "ஃபால்ட்" என்று நினைத்துத் தட்டும். நல்ல ஃபீடரை அணைக்கும். நாங்கள் நியூசென்ஸ் டிரிப் என்போம். அக்காவின் உடம்பில் நடப்பது அதுதான். மூட்டையும் தோலையும் கிட்னியையும் எதிரி என்று நினைத்து உடம்பு தட்டுகிறது.

அதற்கு டாக்டர் என்ன செய்கிறார்? ஸ்டீராய்டு, மெத்தோட்ரெக்ஸேட், மைக்கோஃபினோலேட் என்று கொடுத்து ரிலேயின் செட்டிங்கை மேலே தூக்குகிறார். சின்ன விஷயத்துக்கெல்லாம் தட்டாமல் இருக்கட்டும் என்று. சரி. ஆனால் செட்டிங்கைத் தூக்கிவிட்டால் நிஜமான ஃபால்ட் வந்தால்கூட ரிலே தாமதமாகத்தான் தட்டும், இல்லையா? மற்றவர்களுக்குச் சளியோடு போகிற ஃப்ளூ இவர்களுக்கு நிமோனியாவில் முடிகிற ஆபத்து அதனால்தான்.

தடுப்பூசி என்பது நாங்கள் செய்கிற செகண்டரி இன்ஜெக்‌ஷன் டெஸ்ட் மாதிரி. நிஜ ஷார்ட் சர்க்யூட் இல்லாமல், ஒரு பெட்டியிலிருந்து அளவான கரண்டை ரிலேவுக்குள் செலுத்தி, "இதுதான் ஃபால்ட், பார்த்துக்கோ" என்று காட்டுவது. உவமை இங்கே கொஞ்சம் நொண்டுகிறது. ரிலே எதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளாது, உடம்பு வைத்துக்கொள்ளும். ஆனால் வீட்டுக்கு வீடு எழுகிற பயம் இந்த உவமையில் நன்றாகப் புரியும். ஏற்கெனவே கண்டபடி தட்டுகிற ரிலேவுக்குள் இன்னும் கரண்டை விடுவதா? தூங்குகிற நாயை எழுப்புவதா? அக்காவின் மாமியார் தெலுங்குக்காரர். "வத்தும்மா, வத்து" என்று கையைப் பிடித்துக்கொண்டார். படிக்காதவர் பயம் என்று தள்ளிவிட முடியாது. அதே சந்தேகத்தை எம்.டெக். படித்தவர்களும் என்னிடம் கேட்டிருக்கிறார்கள்.

2021ல் அக்காவுக்கு நடந்ததைக் கேளுங்கள். கொரோனா ஊசி போடும் ஒரு முகாமில் மூன்று மணி நேரம் கியூவில் நின்றாள். டேபிளில் இருந்தவர் "என்ன மாத்திரை எடுக்கறீங்க?" என்று கேட்டார். ஸ்டீராய்டு என்றாள். "உங்களுக்கெல்லாம் போடக்கூடாதும்மா, அடுத்த ஆளு" என்று சொல்லி அனுப்பிவிட்டார். முகாம் எது, அவர் யார் என்பதெல்லாம் வேண்டாம். அவர் மேல் தப்பு சொல்லவும் முடியாது. காரணம், அந்த வருஷம் ஜனவரியில் நாட்டில் இரண்டு காகிதங்கள் இரண்டு விதமாகப் பேசின. மத்திய சுகாதார அமைச்சகம் மாநிலங்களுக்கு அனுப்பிய குறிப்பில், எதிர்ப்புச் சக்தியைக் குறைக்கும் மருந்து சாப்பிடுகிறவர்களுக்கு ஊசி போடத் தடையில்லை, பலன் மட்டும் கொஞ்சம் குறைவாக இருக்கலாம் என்று இருந்தது. அதே மாதம் கோவாக்ஸின் தயாரித்த பாரத் பயோடெக் வெளியிட்ட விவரத்தாளில், எதிர்ப்புச் சக்தியைப் பாதிக்கும் மருந்து சாப்பிடுகிறவர்கள் போட்டுக்கொள்ள வேண்டாம் என்று இருந்தது. கம்பெனி எச்சரிக்கைக்காக அப்படி எழுதியிருக்கும். அவர்கள் பரிசோதனையில் இந்த மாதிரி நோயாளிகள் அதிகம் இல்லை. ஆனால் டேபிளில் உட்கார்ந்தவர் எந்தக் காகிதத்தை நம்புவார்? "வேண்டாம்" என்று சொல்கிறதைத்தான். வேண்டாம் என்று சொன்னால் அவர் மேல் கேஸ் வராது.

மூட்டு டாக்டரிடம் போனில் கேட்டோம். "தைரியமா போடுங்க. கொரோனா வந்தா இவங்களுக்குத்தான் கஷ்டம்" என்றார். ஜூலையில் போட்டாள். ஒரு நாள் காய்ச்சல், இரண்டு நாள் கை மூட்டு வீக்கம். மூன்றாம் நாள் தறிச் சத்தத்துக்கு நடுவே என்னோடு போனில் சண்டை போட்டாள், அதனால் சரியாகிவிட்டாள் என்று தெரிந்தது.

ஒரு அக்கா கதையை வைத்து எதையும் நிரூபிக்க முடியாது. நம் ஆசிரியர்கள் அப்படிச் சொல்லிக் கொடுக்கவில்லை. அதனால் எண்களைத் தேடினேன். ஐரோப்பாவின் வாதநோய் மருத்துவர்கள் அமைப்பு ஒன்று, கொரோனா ஊசி போட்டுக்கொண்ட தங்கள் நோயாளிகளின் விவரங்களை முப்பது நாடுகளிலிருந்து திரட்டியது. 5,121 பேர். அவர்களில் முடக்குவாதம், லூபஸ் போன்ற அழற்சி நோய் உள்ளவர்களில் 4.4 சதவீதம் பேருக்கு ஊசிக்குப் பிறகு நோய் கிளம்பியது. கடுமையாகக் கிளம்பியது 0.6 சதவீதம் பேருக்கு.

இந்த 4.4 அதிகமா குறைவா? ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். ஒரு நோயாளிக்கு வருஷத்தில் இரண்டு தடவை வியாதி தானாகவே கிளம்புகிறது என்று வைத்துக்கொள்வோம். ஊசி போட்ட பிறகு பதினான்கு நாள் கண்காணிக்கிறோம். அந்தப் பதினான்கு நாளுக்குள் அவருக்குத் தற்செயலாகக் கிளம்ப என்ன வாய்ப்பு? இரண்டைப் பதினான்கால் பெருக்கி 365ஆல் வகுங்கள். ஏறக்குறைய 7.7 சதவீதம். அதாவது ஊசிக்குப் பதில் வெறும் தண்ணீரை ஏற்றியிருந்தாலும் நூறு பேரில் ஏழெட்டுப் பேர் "ஊசி போட்ட பிறகுதான் வந்தது" என்பார்கள். பொய் சொல்லமாட்டார்கள், நிஜமாகவே பிறகுதான் வந்திருக்கும். காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதை என்று நம் பாட்டிமார்கள் இதைப் புள்ளியியல் படிக்காமலே சொல்லி வைத்தார்கள்.

நம் மாநிலத்தில் அந்தக் காக்கை ஒரு பெரிய மரத்தில் உட்கார்ந்தது. நடிகர் விவேக் 2021 ஏப்ரல் 15ல் சென்னை ஓமந்தூரார் அரசு மருத்துவமனையில் எல்லோரும் பார்க்க ஊசி போட்டுக்கொண்டார். மறுநாள் மாரடைப்பு. 17ந் தேதி காலமானார். நாடே சிரித்து ரசித்த மனிதர். எங்கள் தெருவில் அடுத்த ஒரு வாரம் ஊசி பற்றி யாரும் பேச்சே எடுக்கவில்லை. அந்த மரணத்தை ஆராய்ந்த குழு, ஊசிக்கும் அதற்கும் தொடர்பில்லை என்று அக்டோபரில் முடிவு சொன்னது. மரணச் செய்தி ஒரு மணி நேரத்தில் பரவியது. குழுவின் முடிவைக் கேள்விப்பட்டவர்கள் இந்த ஹாலில் எத்தனை பேர் என்று கை தூக்கச் சொன்னால் எனக்கே சங்கடமாகிவிடும், விட்டுவிடுவோம்.

அதற்காக ஊசி எதுவும் செய்யாது என்று நான் சொல்லமாட்டேன். அப்படிச் சொல்கிறவர்களால்தான் நம்பிக்கை கெடுகிறது. 1976ல் அமெரிக்காவில் பன்றிக் காய்ச்சலுக்கு நான்கு கோடிக்கும் மேற்பட்டவர்களுக்கு அவசரமாக ஊசி போட்டார்கள். சிலருக்கு கியான் பாரே என்கிற, நரம்பை உடம்பே தாக்குகிற, கை கால் செயலிழக்கும் வியாதி வந்தது. ஏறக்குறைய ஒரு லட்சம் பேருக்கு ஒருவர் கூடுதலாக. டிசம்பரில் திட்டத்தையே நிறுத்தினார்கள். இப்போதைய ஃப்ளூ ஊசியில் அந்த ஆபத்து இருந்தாலும் பத்து லட்சத்துக்கு ஒன்றோ இரண்டோ என்கிறார்கள்; ஃப்ளூ காய்ச்சலே வந்தால் அதைவிட அதிகம். நம் ஊரில் கோவிஷீல்டு என்ற பெயரில் போட்ட ஊசியால், மிக அபூர்வமாக, ரத்தம் உறைந்து தட்டணுக்கள் குறைகிற நிலை வந்தது உண்மை. அதுவும் தன் உடம்பின் பொருளையே தாக்கும் எதிர்ப்பொருள் உண்டாவதால்தான். அது கண்டுபிடிக்கப்பட்டதும் பல நாடுகள் இளவயதினருக்கு வேறு ஊசிக்கு மாறின. மறைத்து வைக்க இதில் ஒன்றுமில்லை.

கேள்வி கேட்பதும் நமக்குப் புதுசில்லை. பி.சி.ஜி. ஊசியை ஊரெல்லாம் போட்டபோது 1955ல் ராஜாஜி எதிர்த்துப் புத்தகமே எழுதினார். அப்போது நம் திருத்தணி சித்தூர் மாவட்டத்தில் இருந்தது. அதே மாவட்டத்து மதனப்பள்ளியில்தான் அந்த ஊசியை வைத்து ஆராய்ச்சி நடந்துகொண்டிருந்தது. 1960ல் நாம் இந்தப் பக்கம் வந்து செங்கல்பட்டு மாவட்டத்தில் சேர்ந்தோம். 1968ல் அந்தச் செங்கல்பட்டு மாவட்டத்திலேயே உலகத்தின் மிகப் பெரிய பி.சி.ஜி. பரிசோதனை தொடங்கியது. நாம் எங்கே போனாலும் அந்த ஊசி பின்னாலேயே வந்தது போல! பதினைந்து வருஷம் பின்தொடர்ந்து பார்த்த முடிவு 1999ல் வெளியானது. பெரியவர்களுக்கு வருகிற நுரையீரல் காசநோயை அது தடுக்கவில்லை. குழந்தைகளுக்கு வருகிற மூளைக்காய்ச்சல் வகைக் காசநோயை அது தடுக்கிறது என்று வேறு ஆராய்ச்சிகள் காட்டியதால்தான் இன்றும் பிறந்தவுடன் போடுகிறார்கள். ராஜாஜியின் வாதம் முழுக்கச் சரியுமில்லை, எதிர்த்தரப்பு சொன்னதும் முழுக்க நிற்கவில்லை. வருஷக்கணக்காக எண்ணிப் பார்த்துத்தான் தெரிந்தது.

இந்த பி.சி.ஜி.யில்தான் நான் சொல்ல வந்ததில் முக்கியமான ஒன்று இருக்கிறது. தடுப்பூசியில் இரண்டு ஜாதி. கிருமியைக் கொன்றோ அதன் ஒரு துண்டை மட்டும் எடுத்தோ செய்வது ஒன்று: டெட்டனஸ், ஹெபடைடிஸ் பி, ஃப்ளூ ஊசி, நிமோனியா, ரேபிஸ், கருப்பைவாய்ப் புற்றுநோய்க்கான எச்.பி.வி. இவை உடம்புக்குள் பெருகாது. என் அக்கா மாதிரி ஆட்களுக்கு இவை ஆபத்தில்லை, போட்டுக்கொள்ள வேண்டும் என்றே மருத்துவச் சங்கங்கள் சொல்கின்றன. இரண்டாவது ஜாதி, உயிருள்ள கிருமியைப் பலவீனமாக்கிக் கொடுப்பது: பி.சி.ஜி., போலியோ சொட்டு மருந்து, தட்டம்மை–ரூபெல்லா, சின்னம்மை, வெளிநாடு போகிறவர்களுக்கான மஞ்சள் காய்ச்சல் ஊசி. செட்டிங்கைத் தூக்கிவைத்த உடம்பில் இந்தப் பலவீனமான கிருமியே பலசாலி ஆகிவிடலாம். ஒரு நாளைக்கு 20 மில்லிகிராம் அல்லது அதற்கு மேல் பிரெட்னிசோலோன் இரண்டு வாரத்துக்கு மேல் சாப்பிடுகிறவர்களுக்கு இவற்றைப் போடுவதில்லை. நிறுத்தி ஒரு மாதமாவது ஆகவேண்டும். ஆப்பிரிக்காவில் வேலை கிடைத்துப் போகிற நம் பசங்கள் யாருக்காவது இந்த வியாதி இருந்தால், மஞ்சள் காய்ச்சல் ஊசி விஷயத்தை விசாவுக்கு முன்னால் பேசவேண்டும்.

இதைவிடச் சூட்சுமமான ஒன்று. கர்ப்பத்தின் பின்பாதியில் தாய் பயாலஜிக் என்கிற ஊசி மருந்து எடுத்துக்கொண்டிருந்தால், அது தொப்புள்கொடி வழியாகக் குழந்தைக்கும் போய் மாதக்கணக்கில் தங்கும். அப்படிப்பட்ட குழந்தைக்கு முதல் ஆறு மாதம் பி.சி.ஜி. போடக்கூடாது. பிரிட்டனில் ஒரு பச்சிளம் குழந்தை இப்படி பி.சி.ஜி. போட்ட பிறகு இறந்ததை 2010ல் மருத்துவ இதழில் பதிவு செய்திருக்கிறார்கள். நம் ஊரில் பிரசவ வார்டில் குழந்தை கண் திறக்கும் முன்னே பி.சி.ஜி. போட்டுவிடுவார்கள், அது நல்ல வழக்கம்தான். இந்த ஒரு தாய் மட்டும் முன்கூட்டியே வாயைத் திறந்து சொல்லவேண்டும்.

ரேபிஸைத் தனியாகச் சொல்லவேண்டும். தெரு நாயோ, மலைப்படியில் பிரசாதத்தைப் பிடுங்க வருகிற குரங்கோ கடித்துவிட்டால், எந்த வியாதி இருந்தாலும், எந்த மாத்திரை சாப்பிட்டாலும் ஊசி உண்டு. "எனக்கு லூபஸ், போடலாமா" என்று யோசித்து ஒரு நாளைக் கடத்தக்கூடாது. மாத்திரை விவரத்தைச் சொன்னால், லேசான கீறலாக இருந்தால்கூட ஊசியோடு சீரமும் சேர்த்துப் போடுவார்கள். எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்களுக்கு அதுதான் முறை.

போன வருஷத்துக்கு முந்தின வருஷம், 2024ல், அக்காவுக்கு அக்கி வந்தது. இடுப்பைச் சுற்றி, பட்டை போட்ட மாதிரி கொப்புளம். ஊர் வழக்கப்படி காவி மண்ணில் அக்கி எழுத ஆள் கூட்டிக்கொண்டு வந்துவிட்டார்கள். எழுதட்டும், அதனால் கெடுதல் ஒன்றுமில்லை, ஆனால் மாத்திரையை மூன்று நாளுக்குள் ஆரம்பிக்கவேண்டும் என்று நான் சென்னையிலிருந்து கத்திக்கொண்டிருந்தேன். கொப்புளம் இரண்டு வாரத்தில் காய்ந்தது. எரிச்சல் ஏழு மாசம் நின்றது. புடவை இடுப்பில் பட்டால் அழுவாள். சின்ன வயசில் வந்த சின்னம்மைக் கிருமிதான் நரம்புக்குள் ஒளிந்திருந்து, எதிர்ப்புச் சக்தி தளர்ந்த நேரம் பார்த்து அக்கியாக வெளியே வருகிறது. அதற்கு உயிரில்லாத வகை ஊசி 2023லேயே இந்தியாவுக்கு வந்துவிட்டது. பத்து வருஷமாக எத்தனையோ இடங்களில் அவளுக்கு எத்தனையோ ரத்தப் பரிசோதனை செய்தார்கள். "அக்கி ஊசி என்று ஒன்று இருக்கிறது" என்று ஒருவரும் சொல்லவில்லை. விலை ஜாஸ்திதான். ஏழு மாச எரிச்சலின் விலையோடு ஒப்பிட்டால் என்ன சொல்வது? குணமான பிறகு 2025ல் இரண்டு டோஸ் போட்டுக்கொண்டாள். இந்தத் தடவை மாமியாரே கூட வந்து உட்கார்ந்திருந்தார்.

எப்போது போடுவது என்பதிலும் விஷயம் இருக்கிறது. ரிட்டுக்ஸிமாப் என்கிற மருந்து ஏற்றினால் எதிர்ப்பொருள் செய்கிற செல்களே மாதக்கணக்கில் இருக்காது. அந்தச் சமயம் ஊசி போட்டால் பலன் மிகக் குறைவு. அதனால் அடுத்த டோஸுக்கான நேரம் வரும்போது ஊசியைப் போட்டுவிட்டு, இரண்டு வாரமாவது கழித்து மருந்தை ஏற்றுகிறார்கள். ஃப்ளூ ஊசி மட்டும் விதிவிலக்கு, சீசனில் எப்போது கிடைத்தாலும் போடலாம். வாராவாரம் மெத்தோட்ரெக்ஸேட் சாப்பிடுகிறவர்கள் கொரோனா பூஸ்டருக்குப் பிறகு இரண்டு வாரம் அதை நிறுத்தினால் எதிர்ப்பொருள் சுமார் இரண்டு மடங்கு கூடியது என்று 2022ல் பிரிட்டனில் ஒரு பரிசோதனை காட்டியது. ஆனால் நிறுத்தியவர்களில் கொஞ்சம் பேருக்கு வியாதி கிளம்பவும் செய்தது. ஆகவே இதைக் கேட்டுவிட்டு வீட்டுக்குப் போய் யாரும் மாத்திரையை நிறுத்திவிடாதீர்கள், என்னைத் திட்டுவார்கள். டாக்டரிடம் "நிறுத்தணுமா ஸார்?" என்று கேளுங்கள், போதும். முடிந்தால் இந்த மருந்துகளையெல்லாம் ஆரம்பிக்கும் முன்பே தேவையான ஊசிகளைப் போட்டுவிடுவது உத்தமம். ஹெபடைடிஸ் பி இருக்கிறதா என்ற ரத்தப் பரிசோதனையும் அப்போதே.

வீட்டில் இருக்கிற மற்றவர்களும் போட்டுக்கொள்ளவேண்டும். அக்காவின் பிள்ளைகள், மாமா, மாமியார் எல்லோருக்கும் வருஷா வருஷம் ஃப்ளூ ஊசி போடுகிறோம். 2017 பிப்ரவரியில் பள்ளிகளில் தட்டம்மை–ரூபெல்லா ஊசி போட்டபோது வாட்ஸப்பில் வந்த வதந்தியால் பல பெற்றோர் கையெழுத்துப் போட மறுத்தது ஞாபகம் இருக்கும். தன் பிள்ளைக்கு வேண்டாம் என்று சொன்ன ஒவ்வொரு பெற்றோரும், அதே தெருவில் அந்த ஊசியைப் போட்டுக்கொள்ள முடியாத என் அக்கா மாதிரி ஒருத்தியின் வேலியில் ஒரு முள்ளைப் பிடுங்குகிறார்கள். கைக்குழந்தைக்குச் சொட்டு மருந்து கொடுத்த வீட்டில் மட்டும் நோயாளி டயப்பர் மாற்றாமல் இருப்பது நல்லது, மாற்றினால் சோப்புப் போட்டுக் கை கழுவவேண்டும்.

ஆராய்ச்சி மாணவர்கள் யாராவது இருந்தால் ஒரு செய்தி. 2025ன் மருத்துவ நோபல் பரிசு மேரி பிரங்கோ, ஃப்ரெட் ராம்ஸ்டெல், ஷிமோன் சகாகுச்சி மூவருக்கும் கிடைத்தது. உடம்பின் எதிர்ப்புப் படை தன்னையே தாக்காமல் தணித்து வைக்கிற செல்களைக் கண்டுபிடித்ததற்காக. படித்தவுடன் நம் ஊர்தான் ஞாபகம் வந்தது. மற்ற முருகன் கோயில்களில் சூரசம்ஹாரம் நடக்கும்போது, இங்கே சினம் தணிந்த சுவாமிக்குப் பூக்களால் அர்ச்சனை நடக்கிறது. அந்தத் தணிக்கிற செல்களை மருந்தாக்க முடியுமா என்று உலகமெங்கும் முயற்சி நடக்கிறது. முடிந்தால் செட்டிங்கை மொத்தமாகத் தூக்காமல், தப்பாகத் தட்டுகிற ஒரு காண்டாக்டை மட்டும் சரிசெய்யலாம். பயோடெக் படிக்கிறவர்கள் கவனியுங்கள், இங்கே வேலை இருக்கிறது.

கடைசியாக, நாங்கள் வீட்டில் செய்த ஒரு சின்ன ஏற்பாடு. ரிலேவுக்கு டெஸ்ட் கார்டு தொங்கவிடுகிற மாதிரி அக்காவுக்கு ஒரு அட்டை போட்டேன். வியாதியின் பெயர், மாத்திரை, அளவு, எந்த ஊசி எந்தத் தேதியில் போட்டது, உயிருள்ள ஊசி கூடாது என்பது, மூட்டு டாக்டரின் போன் நம்பர். தமிழில் ஒரு பக்கம், மறுபக்கம் ஆங்கிலம். லேமினேட் பண்ணிப் பர்சில் வைத்திருக்கிறாள். போன மாசம் டெட்டனஸ் ஊசி போடப் போன இடத்தில் நர்ஸ் அதை வாங்கிப் படித்துவிட்டு, "இதை நான் ஒரு போட்டோ எடுத்துக்கட்டுமா, எங்க சித்திக்கும் இதே வியாதிதான்" என்று கேட்டாராம். மாதிரி அட்டை ஐம்பது பிரதி கொண்டுவந்திருக்கிறேன். வாசல் டேபிளில், ரெஜிஸ்ட்ரேஷன் நோட்டுக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன். வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளலாம். பந்தி ஆரம்பித்துவிட்டது என்று செயலாளர் கை காட்டுகிறார்.